அத்தை சாப்பிட்ட பொடியும் அடியேன் செய்த முட்டாள்தனமும்

டிஸ்கி: நான் டாக்டர் இல்லீங்க. ஆஸ்பத்திரி வராண்டாவுல நாலு ராத்திரி கொசுக்கடியில உக்காந்திருந்தவன். அதுக்கப்புறம் டாக்டருங்களை நச்சரிச்சு, தேடிப் படிச்சு கொஞ்சம் தெரிஞ்சுக்கிட்டவன். மருந்து விஷயத்துல உங்க டாக்டர் சொல்றதுதான் முடிவு, நான் சொல்றது இல்ல.

எங்க ஊர் நாட்டரசன்கோட்டை. சிவகங்கைக்குப் பக்கத்துல. கம்பர் சமாதி இருக்குற ஊருன்னு சொன்னா இலக்கியப் பதிவர்கள் எல்லாம் நிமிந்து உக்காருவீங்க. மத்தவங்களுக்கு கண்ணாத்தா கோயில்னா சட்டுனு புரியும். கண்ணுடைய நாயகின்னு பேரு. கண்ணுல கோளாறுன்னா சுத்துப்பட்டு சனம் பூரா இங்கதான் வந்து வேண்டிக்கும். இந்தக் கதையில கண்ணாத்தாளுக்கும் ஒரு பங்கு இருக்கு, அப்புறம் வர்றேன்.

எங்க அத்தை (அப்பாவோட அக்கா) பலகாரம் சுடுறவங்க. செட்டியார் வீட்டு விசேஷம்னா ரெண்டு நாள் முன்னாடியே கூப்பிட்டு விட்டுருவாங்க. அதிரசம், மனகோலம், தேன்குழல், சீயம்னு மணிக்கணக்கா அடுப்படியில குத்துக்கால் வச்சு உக்காந்து உக்காந்து, அறுபது வயசுக்குள்ள ரெண்டு முட்டியும் போச்சு. 2021-ல கொரோனா ரெண்டாவது அலை அடங்கின சமயம். மதுரைக்குப் போயி டாக்டரைப் பாக்க பயம். அப்பத்தான் யாரோ ஒரு புண்ணியவான் சொல்லி ஒரு 'வாதப்பொடி' வீட்டுக்கு வந்துச்சு. சின்னச் சின்னக் காகிதப் பொட்டலம். காலையில ஒண்ணு, ராத்திரி ஒண்ணு, தேன்ல குழைச்சு. பத்து நாளைக்கு 150 ரூபா. கேட்டா மூலிகையாம்.

மூணே நாள்ல முட்டிவலி காணோம். நான் மிகைப்படுத்தலை. கைப்பிடிச் சுவரைப் புடிச்சு ஏறுனவங்க திண்ணையை விட்டுத் தானா எறங்கி நடந்தாங்க. பசி எடுத்துச்சு. கன்னத்துல சதை பிடிச்சுச்சு. 2023 தை மாசம் செவ்வாய்ப் பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தேன். நாங்க நகரத்தார் இல்லைன்னாலும், கோயில் முன்னாடி வரிசையா பானை வைக்கிற அந்த ஒரு நாளை எங்க தெருக்காரங்க யாரும் விடமாட்டாங்க. அத்தையைப் பாத்த அத்தனை பேரும் சொன்னது ஒண்ணுதான். "என்னத்தா, முகமெல்லாம் பூசுனாப்புல நெலா மாதிரி இருக்கு!"

நெலா மாதிரி. டாக்டருங்களும் அதே வார்த்தையைத்தான் சொல்றாங்க, நெலா முகம்னு. என்ன, அவங்க அதைப் பாராட்டா சொல்றதில்ல.

அந்த ஆடியில கண்ணு மங்குச்சு. அத்தை கண்ணாத்தாளுக்கு வெள்ளியில கண்மலர் வாங்கிப் போடுறதா வேண்டிக்கிட்டாங்க. நான் மதுரைக்கு ஒரு கண்ணாஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனேன். லென்சுக்குப் பின்பக்கமா புரை விழுந்திருக்குன்னு பாத்துட்டு அந்தப் பொண்ணு டாக்டர் மொதக் கேள்வியே, "ஸ்டீராய்டு ஏதாச்சும் சாப்பிடுறாங்களா?"ன்னு கேட்டாங்க. இல்லவே இல்லன்னேன். முகத்தைப் பாத்தாங்க, கழுத்துக்குப் பின்னால திமில் மாதிரி இருந்த சதையைத் தொட்டுப் பாத்தாங்க, முழங்கையில இருந்த கன்னிப்போன நீலத்தைப் பாத்தாங்க. "பொடி, லேகியம்?"

அப்பத்தான் பொட்டலம் வெளிய வந்துச்சு.

ஒரு சீட்டு எழுதிக் குடுத்து, பொது மருத்துவரைப் போய்ப் பாருங்கன்னு சொன்னாங்க. நான் சீட்டைச் சட்டைப் பையில வச்சேன். பஸ்ஸுல வர்ற வழியெல்லாம் கோவம் கோவமா வந்துச்சு. வீட்டுக்கு வந்ததும் அத்தை அழ அழ, டப்பாவுல மிச்சமிருந்த அத்தனை பொட்டலத்தையும் பிரிச்சு சாக்கடையில கொட்டினேன். பெரிய பகுத்தறிவுப் பணி செஞ்ச நெனப்பு. மறுநாள் சென்னைக்குக் கிளம்பி வந்துட்டேன்.

எட்டாம் நாள் ராத்திரி போன். அத்தைக்கு ரெண்டு நாளா வாந்தி, சோறு எறங்கல, எந்திரிச்சா தலை சுத்துது. பக்கத்துல ஒரு கிளினிக்ல வயித்துக் கோளாறுன்னு ஊசி போட்டு அனுப்பிட்டாங்க. விடிகாலையில கொல்லைப்பக்கம் போனவங்க அங்கயே விழுந்துட்டாங்க. சிவகங்கை பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டு போறப்ப பிரஷர் 80/50. நல்ல வேளை, பக்கத்து வீட்டுப் பையன் "இந்த அம்மா ரெண்டு வருசமா ஏதோ பொடி சாப்பிட்டாங்க சார், போன வாரம் நிறுத்திட்டாங்க"ன்னு டூட்டி டாக்டர்கிட்ட சொல்லியிருக்கான். அந்த ஒரு வரிதான் எங்க அத்தையைக் காப்பாத்துச்சு. உடனே சலைன் ஏத்தி, ஹைட்ரோகார்ட்டிசோன் 100 மில்லிகிராம் ஊசி. நான் போய்ச் சேந்தப்ப சாயங்காலம். அத்தை தலகாணியில சாஞ்சு உக்காந்து, "வந்துட்டியாப்பு, ஒரு காப்பி வாங்கியா"ன்னாங்க.

அந்தப் பழைய சட்டைப் பையில சீட்டு அப்படியே இருந்துச்சு. கடைசி வரியில எழுதியிருந்தது: திடீர்னு நிறுத்தக் கூடாது. நான் படிக்கவே இல்ல.

சரி, உள்ள என்ன நடந்துச்சுன்னு சொல்றேன். எனக்குப் புரிஞ்ச பாஷையில.

ரெண்டு சிறுநீரகத்துக்கும் மேல தொப்பி வச்சாப்புல ரெண்டு சுரப்பி. அட்ரினல். ஒவ்வொண்ணும் நாலஞ்சு கிராம்தான். அதோட நடுப்பகுதிதான் நமக்கெல்லாம் தெரிஞ்ச அட்ரினலினைச் சுரக்குது. நாய் துரத்துனா ஓட வைக்குமே, அது. ஆனா உயிர் நிக்கிறது வெளிப்பட்டையை நம்பி. அங்கதான் உப்பையும் பிரஷரையும் பாத்துக்குற ஆல்டோஸ்டீரோன் சுரக்குது, கார்ட்டிசாலும் சுரக்குது. கார்ட்டிசால் விடிகாலையில ஏறி, ராத்திரிக்கு எறங்கும். காய்ச்சல், அடிபடுறது, ஆபரேஷன்னு உடம்புக்கு ஒரு நெருக்கடி வந்தா, சுரப்பி தானா ரெண்டு பங்கு மூணு பங்கு அதிகமா ஊத்தும். அது ஊத்தலைன்னா பிரஷர் விழுந்துரும், ஆள் போயிருவாங்க.

எவ்வளவு சுரக்கணும்னு உத்தரவு மூளைக்கு அடியில இருக்குற பிட்யூட்டரிலேருந்து வருது. ரத்தத்துல கார்ட்டிசால் போதுமான அளவு இருந்தா பிட்யூட்டரி வாயை மூடிக்கும். சூட்சுமமே இங்கதான். ஸ்டீராய்டு மாத்திரைங்கறது செயற்கைக் கார்ட்டிசால், அதுவும் வீரியம் கூடினது. உடம்பு ஒரு நாளைக்குச் சுரக்குற அளவுக்குச் சமமா, வாய் வழியா 15-லேருந்து 20 மில்லிகிராம் ஹைட்ரோகார்ட்டிசோன் போதும். அதுக்கு ஈடா பிரெட்னிசலோன் 5 மில்லிகிராம். டெக்சாமெத்தசோன்னா முக்கால் மில்லிகிராம்தான்! கடுகு சைஸ் மாத்திரை. அதை ரெண்டு பொடிச்சு ஒரு பொட்டலத்துல கலந்தா யாருக்குத் தெரியப் போவுது?

ஆக ரெண்டு வருசமா வெளியிலேருந்து வந்துக்கிட்டே இருந்துச்சு. பிட்யூட்டரி உத்தரவு போடுறதை நிறுத்திருச்சு, உத்தரவு வராத அட்ரினல் சுருங்கித் தூங்கிருச்சு. ஒரே நேரத்துல அத்தையோட உடம்புல ரெண்டு நோய். வெளியிலேருந்து வந்தது அளவுக்கு மிஞ்சினதால குஷிங். சொந்தமா சுரக்கறது நின்னு போனதால அட்ரினல் பற்றாக்குறை. பொடி உள்ள போற வரைக்கும் ரெண்டாவது நோய் வெளிய தெரியாது. நான் டப்பாவைச் சாக்கடையில கவுத்த அன்னைக்குத்தான் அது வெளிய வந்துச்சு.

இந்தக் கூத்து புதுசும் இல்ல. அமெரிக்காவுல மேயோ கிளினிக்ல 1948 செப்டம்பர்ல 29 வயசுப் பொண்ணு ஒருத்திக்கு, முடக்குவாதத்துல படுத்த படுக்கையா இருந்தவளுக்கு, கார்ட்டிசோன் ஊசி போட்டாங்க. சில நாள்ல எந்திரிச்சு நடந்தா. ஒரே வாரத்துல கடைத்தெருவுக்குப் போனா. 1950-லயே கெண்டல், ஹென்ச், ரெய்க்ஸ்டைன் மூணு பேருக்கும் நோபல். உலகமே அதிசயம்னு கொண்டாடுச்சு. அதே பொண்ணுக்கு ரொம்ப நாள் கழியறதுக்குள்ள பக்க விளைவு ஆரம்பிச்சிருச்சு. எங்க தெருவுல 2021-ல நடந்தது அதே அதிசயம்தான். ஊசிக்குப் பதிலா தேன், அவ்வளவுதான் வித்தியாசம்.

அட்ரினல் கோளாறெல்லாமே பொடியாலதான் வருதுன்னு நெனச்சுக்காதீங்க. 1855-ல லண்டன்ல தாமஸ் அடிசன் எழுதி வச்சாரே, அந்த நோயில சுரப்பியே அழிஞ்சு போகும். மேலைநாட்டுல இப்ப பெரும்பாலும் உடம்போட எதிர்ப்பு சக்தியே சுரப்பியைத் தாக்குறதால வருது. நம்ம நாட்டுல இன்னமும் டிபி ஒரு முக்கியமான காரணம். இளைச்சுப் போறது, ஓயாத அசதி, உப்புக்கு நாக்கு ஏங்குறது, அதோட உள்ளங்கை ரேகை, ஈறு, பழைய தழும்பெல்லாம் கறுத்துப் போறது. நம்ம நெறத்துல இந்தக் கறுப்பை யாரும் கவனிக்கறதில்ல, வெயில்ல அலைஞ்சதுன்னு விட்டுருவோம். அமெரிக்க ஜனாதிபதி கென்னடிக்கு இந்த நோய் இருந்துச்சு, 1947-லயே கண்டுபிடிச்சுட்டாங்க. அந்தப் பளபள நெறத்தைப் பாத்து ஆரோக்கியம்னுதான் சனம் நெனச்சுச்சு. எங்க அத்தைக்கு நெலா முகம் மாதிரி! (அத்தைக்குக் கறுக்கலை. பிட்யூட்டரி தூங்குனா கறுப்பு வராது. டாக்டருங்க வித்தியாசம் கண்டுபிடிக்கிறதுல இதுவும் ஒண்ணு.)

பொறவியிலேயே வர்றதும் இருக்கு. அப்பா அம்மா ரெண்டு பேர்கிட்டயும் அந்த மரபணுக் குறை இருந்தாத்தான் குழந்தைக்கு வரும், அதனால சொந்தத்துக்குள்ள பொண்ணு எடுக்குற நம்ம பக்கத்துல கொஞ்சம் உஷாரா இருக்கணும். பச்சக்குழந்தை ஒரு வாரம் ரெண்டு வாரத்துல ஓயாம வாந்தியெடுத்துத் துவண்டா, இதையும் சேத்து யோசிக்கணும். அப்புறம் சுரப்பியில கட்டி வந்து பிரஷரைத் தாறுமாறா ஏத்துறது. மாத்திரைக்கு மேல மாத்திரை போட்டும் பிரஷர் எறங்கலைன்னா அட்ரினலைப் பாக்கச் சொல்லிக் கேக்கலாம், தப்பில்ல. இதுக்கு மேல எனக்குச் சொந்த அனுபவம் இல்லாததால நான் அப்பீட்டு.

இப்ப என் கட்சிக்கு வர்றேன்.

இந்த மாதிரி எழுதுனா உடனே ரெண்டு கோஷ்டி கெளம்பும். ஒண்ணு, "சித்த வைத்தியமே ஃபிராடு"ன்னு. பொட்டலத்துல இருந்ததுக்கும் சித்த வைத்தியத்துக்கும் என்னங்க சம்பந்தம்? தாம்பரத்துல தேசிய சித்த மருத்துவ நிறுவனம் இருக்கு, பாளையங்கோட்டையில அரசுக் கல்லூரி இருக்கு. அங்கெல்லாம் வருசக்கணக்கா படிச்சுட்டு வர்றவங்க மேல இந்தப் பழியைப் போடுறது அநியாயம். இது அலோபதி மருந்தைத் திருட்டுத்தனமா மூலிகைன்னு விக்கிறது. நாட்டு மருந்துன்னு வித்ததுல ஸ்டீராய்டு கலந்திருந்ததைப் பரிசோதனையில பல தடவை கண்டுபிடிச்சிருக்காங்க. அதே வேலையை மெடிக்கல் ஷாப்புலயும் பாக்குறாங்களே! "உடம்பு வலி, ரெண்டு வேளைக்கு ஒரு செட்டு குடுங்க"ன்னா, பேப்பர்ல மடிச்சுக் குடுக்குற நாலு கலர் மாத்திரையில ஒண்ணு என்னன்னு என்னைக்காவது கேட்டிருக்கோமா? டாக்டர் சீட்டு இல்லாம விக்கக் கூடாத மருந்து அது. செவப்பழகுக்குன்னு தடவுற கிரீம்லயும் இதே சமாச்சாரம்தான். ஸ்டீராய்டு கிரீமுங்களுக்கும் சீட்டு வேணும்னு 2018-ல மத்திய அரசு உத்தரவு போட்டுச்சு. கேட்டுப் பாருங்க உங்க தெருமுனைக் கடையில, சீட்டு கேக்குறாங்களான்னு.

ரெண்டாவது கோஷ்டி, "ஸ்டீராய்டா? அய்யோ விஷம்!" கோஷ்டி. நான் 2023 ஆடி வரைக்கும் இதுலதான் உறுப்பினர். இவங்கதான் எனக்கு இப்ப ரொம்ப ஆபத்தா தெரியுறாங்க. கொரோனாவுல ஆக்சிஜன் வச்சிருந்தவங்களை, வென்டிலேட்டர்ல கிடந்தவங்களைக் காப்பாத்தின மருந்து டெக்சாமெத்தசோன். 2020-ல இங்கிலாந்துல நடந்த ஆராய்ச்சியில நிரூபிச்சாங்க. தினம் 6 மில்லிகிராம், அதிகபட்சம் பத்து நாள். அதையே தேவையில்லாதவங்களும் இஷ்டத்துக்கு முழுங்கினப்ப சுகர் எகிறி, 2021-ல கருப்புப் பூஞ்சை என்ன பாடு படுத்துச்சுன்னும் பாத்தோம். ஒரே மருந்துதான்.

ஆஸ்துமாவுக்கு, லூபசுக்கு, கிட்னி மாத்தினதுக்குன்னு முறையா ஸ்டீராய்டு சாப்பிடுறவங்க நம்ம எல்லார் குடும்பத்துலயும் இருக்காங்க. அவங்ககிட்ட போயி "எதுக்கு இந்த விஷம், நிறுத்திரு"ன்னு அட்வைஸ் பண்ற மாமாக்கள் எத்தனை பேர்? வாட்ஸப்புல வர்ற பார்வர்டு எத்தனை? மூணு நாலு வாரத்துக்கு மேல சாப்பிட்டுட்டா சுரப்பி தூங்கியிருக்கலாம். எழுப்பணும்னா மெதுவாத்தான். அதட்டி எழுப்ப முடியாது.

அத்தைக்கு எழுப்பின கதையையும் கேளுங்க. தினம் காலையில ஒரே வேளை பிரெட்னிசலோன், கொஞ்சம் கூடுதலா ஆரம்பிச்சு, வாரக்கணக்குல குறைச்சு 5 மில்லிகிராமுக்கு வந்து, அப்புறம் இன்னும் மெதுவா. நடுவுல காலை எட்டு மணிக்கு ரத்தம் எடுத்து கார்ட்டிசால் பாப்பாங்க. மாத்திரை போடுறதுக்கு முன்னாடி எடுக்கணும், ஒரு தடவை நாங்க மாத்திரை குடுத்துட்டுக் கூட்டிட்டுப் போயி டாக்டர்கிட்ட வாங்கிக் கட்டிக்கிட்டோம். காய்ச்சல் வந்தா மாத்திரையை ரெண்டு பங்கு ஆக்கணும், வாந்தி நிக்காம மாத்திரை தங்கலைன்னா யோசிக்காம ஆஸ்பத்திரிக்கு வந்து ஊசி போட்டுக்கணும்னு சொல்லிக் குடுத்தாங்க. மொத்தம் பதினோரு மாசம் ஆச்சு. சில பேருக்கு ஒரு வருசத்துக்கு மேலயும் ஆகுமாம்.

இங்கிலாந்துல 2020-லேருந்து இந்த மாதிரி நோயாளிங்களுக்குன்னு ஒரு கார்டு குடுக்குறாங்க. இவர் ஸ்டீராய்டு சாப்பிடுபவர், மயங்கிக் கிடந்தா இந்த ஊசி போடுங்கன்னு அதுல எழுதியிருக்கும். எங்க ஊர்ல யார் பர்ஸுலயும் அப்படி ஒண்ணை நான் பாத்ததில்ல. அதனால நானே ஒரு அட்டையில பெருசா தமிழ்லயும் இங்கிலீஷ்லயும் எழுதி, லேமினேட் பண்ணி, அத்தையோட சுருக்குப்பையில போட்டு விட்டேன். செலவு இருபது ரூபா. பக்கத்து வீட்டுப் பையன் எந்நேரமும் பக்கத்துலயே இருப்பானா என்ன? உங்க வீட்டுல யாராச்சும் இருந்தா இன்னைக்கே ஒண்ணு எழுதி வைங்க. பொடி சாப்பிடுறவங்க இருந்தா, தயவு செஞ்சு என்னை மாதிரி வீரம் காட்டாதீங்க. பொட்டலத்தோட டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போங்க. கொட்டுறதை அப்புறம் கொட்டிக்கலாம்.

ரெண்டு கண்ணுலயும் ஆபரேஷன் முடிஞ்சது. சுகர் குறைஞ்சிருக்கு, ஆனா போகலை. முகம் பழையபடி ஒட்டிப் போச்சு. 2025 தையில கண்ணாத்தாளுக்கு வெள்ளிக் கண்மலர் சாத்திட்டு வந்தோம். வேண்டுதலைக் கேலி பண்ற தைரியம் இப்ப எனக்கு இல்ல :-)

கோயில்லேருந்து திரும்பி வர்றப்ப அத்தையால தெருமுனை வரைக்கும் நடக்க முடியலை. முட்டிவலி மொத்தமா திரும்பி வந்துருச்சு. முட்டி ஆபரேஷனுக்கு பயப்படுறாங்க. பலகாரம் சுடப் போயி ரெண்டு வருசமாச்சு. ஒரு வீட்டுத் திண்ணையில உக்காந்து காலை நீவிக்கிட்டே, "ஏப்பு, என்னதான் சொல்லு, அந்தப் பொடி சாப்பிட்ட ரெண்டு வருசம்தான் நான் மனுசியா நடந்தேன்"னாங்க.

நான் ஒண்ணும் சொல்லலை. ஆட்டோ கூப்பிடப் போனேன்.